தன்முன்னேற்ற நூல்களின் வரலாறும் வ.உ.சி.யின் மொழிபெயர்ப்புகளும்

தமிழ் உரைநடையின் வளர்ச்சியை ஆராய்ந்த அறிஞர் பெருமக்கள் அதனைப் புதினம், சிறுகதை, நாடகம், கட்டுரை, வாழ்க்கை வரலாறு, திறனாய்வு எனப் பகுத்துக் காட்டியுள்ளனர். இப்பகுப்புகளுள் எதனுள்ளும் அடங்காது, ஆயினும் எந்தப் புத்தகக் கண்காட்சியிலும் கூட்டம் குறையாது விற்கும் நூல்வகை ஒன்றுண்டு. தன்முன்னேற்ற நூல்கள் என்று அதனை வழங்குகிறோம். பழகிய எல்லையைத் தாண்டுக, உள்ளே உறங்கும் ஆற்றலை எழுப்புக, எண்ணத்தை மாற்றுக, வாழ்வு மாறும் என்பன போன்ற அறிவுரைகளைத் தாங்கிவரும் இந்நூல்களை இலக்கிய உலகம் ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. ‘இதுவும் ஒரு நூலா?’ என்பதே நம்மவர் பலருடைய மதிப்பீடு. ஆனால் கல்லூரி நூலகத்தில் மாணவியர் கைபட்டுக் கைபட்டு அட்டை கிழிந்த நூல்கள் எவை என்று தேடினால், சங்க இலக்கிய உரைகளைக் காட்டிலும் இவையே மிகுதி என்பதை ஆசிரியப் பணியில் இருப்போர் அறிவர். பிறர் விரும்பிப் படிப்பதை நாம் படிக்காமலே இகழ்வது ஆராய்ச்சி நெறி ஆகாது.

இந்நூல்வகையின் வரலாற்றை முழுமையாக எழுதுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. அவ்வரலாற்றிலிருந்து தமிழுக்கு வந்து சேர்ந்த ஒரு கிளையை, அது வந்த வழியை, அதனைக் கொண்டுவந்தவர் அப்போது இருந்த இடத்தை ஆராய்வதே நோக்கம். கொண்டுவந்தவர் வ.உ. சிதம்பரம் பிள்ளை. இருந்த இடம் சிறை.

அறநூல்களுக்குத் தமிழில் பஞ்சமில்லை. பதினெண்கீழ்க்கணக்கின் பெரும்பகுதி அறநூல்களே. எனின், முன்னேற்ற நூல் அறநூலினின்றும் எவ்வாறு வேறுபடும் என்னும் வினா எழும். அரசனாய், அமைச்சனாய், இல்லறத்தானாய், துறவியாய் ஒருவன் நிற்கும் நிலையில் அவன் செய்யத்தக்கது இது, தகாதது இது என்று வரையறுப்பது அறநூல். அந்நிலையையே கடந்து செல்லலாம் என்று சொல்வது முன்னேற்ற நூல். இவ்வேறுபாடு முற்ற முடிந்ததன்று என்பதற்குத் திருக்குறளே சான்று. அறத்துப்பாலை ஊழில் முடித்த வள்ளுவர், பொருட்பாலின் அரசியலை முடிக்குமிடத்து ஊக்கமுடைமை, மடியின்மை, ஆள்வினையுடைமை, இடுக்கணழியாமை என்னும் நான்கு அதிகாரங்களை அடுத்தடுத்து நிறுத்தியுள்ளார். ஊழுக்கு விடை அங்கேதான் இருக்கிறது. ஆயினும் அவ்வதிகாரங்கள் நிற்கும் இடம் அரசியல் என்பது ஈண்டு நோக்கத்தக்கது. உரை மரபு அவற்றை முதற்கண் அரசனுக்குரிய இயல்புகளாகவே கொண்டது. தச்சன் மகனும் நெசவாளி மகனும் ஆள்வினையுடைமையைத் தமக்கெனவே எழுதப்பட்டதாகக் கொண்டு படித்தது காலத்தால் மிகப் பிற்பட்ட செய்தி.

அம்மாற்றம் ஐரோப்பாவில் நேர்ந்த இடத்தைத் துல்லியமாகச் சுட்டலாம். இங்கிலாந்தில் லீட்ஸ் என்னும் ஆலை நகரில் உழைக்கும் இளைஞர் இருவர் மூவர் குளிர்கால மாலைகளில் ஒருவர் வீட்டில் கூடி, தாம் அறிந்ததை ஒருவருக்கொருவர் கற்பிக்கத் தொடங்கினர். எழுத்து, கணக்கு, நிலநூல் என்று தொடங்கிய அக்கூட்டம் ஏறத்தாழ நூறு பேராகப் பெருகியது. வீடு போதவில்லை. முன்பு காலரா நோயாளிகளுக்கான தற்காலிக மருத்துவமனையாக இருந்து, பின்னர் எவரும் குடிபுக அஞ்சிய கூடம் ஒன்றை வாடகைக்குப் பிடித்தனர். அங்கே வந்து பேசுமாறு அவர்கள் 1845ஆம் ஆண்டு அழைத்தவர் சாமுவேல் ஸ்மைல்ஸ் என்னும் ஸ்காட்லாந்து நாட்டார். மருத்துவம் பயின்றவர், பத்திரிகை ஆசிரியராக இருந்தவர், பின்னர் இரயில்வே நிறுவனச் செயலாளராக அமர்ந்தவர். தாழ்ந்த நிலையிலிருந்து தம் முயற்சியால் உயர்ந்தோர் வரலாறுகளை அவ்விளைஞர்களுக்கு எடுத்துச் சொன்னார். அப்பேச்சுகள் விரிந்து நூலாயின. 1855இல் ஒரு பதிப்பகம் அதனை ஏற்க மறுத்தது. 1859 நவம்பரில் ஜான் முர்ரே பதிப்பகத்தின் வழியாக ‘தன்னுதவி’ என்று பொருள்படும் தலைப்பில் அது வெளிவந்தது. டார்வினுடைய ‘உயிரினங்களின் தோற்றம்’ அதே பதிப்பகத்திலிருந்து அதே மாதத்தில் வெளிவந்தது என்பது அறிஞர் பலரும் சுட்டிய ஒற்றுமை. முதலாண்டிலேயே இருபதாயிரம் படிகள் விற்றன. 1904இல் ஸ்மைல்ஸ் மறையுமுன் விற்பனை இரண்டரை இலட்சத்தைக் கடந்திருந்தது.

நமக்கு மற்றோர் ஒற்றுமையும் சுவையானது. மாயூரம் வேதநாயகம் பிள்ளையின் ‘நீதிநூல்’ வெளிவந்ததும் 1859ஆம் ஆண்டே. அது செய்யுள், இது உரைநடை. அது கடமைகளைச் சொல்கிறது. இது மனிதர்களைக் காட்டுகிறது. பழைய மரபின் நீட்சியும் புதிய மரபின் தோற்றமும் உலகின் இரு முனைகளில் ஒரே ஆண்டில் அச்சேறின.

ஸ்மைல்ஸின் தலைப்பு அவருக்கே பின்னாளில் தொல்லையாயிற்று. தன்னலத்தைப் போற்றும் நூல் என்று அதனைப் படிக்காதவர்கள் தலைப்பைக் கொண்டே முடிவுகட்டினர். 1866ஆம் ஆண்டுப் பதிப்பின் முன்னுரையில் அவர் இதனை மறுத்து எழுத நேர்ந்தது. காலராக் கூடத்தில் பிறந்த நூல் தன்னல நூல் ஆகாது என்பதே என் கருத்தும். ஒருவர்க்கொருவர் கற்பித்த நூறு பேரின் கூட்டுறவே அதன் கருவறை. தன்முயற்சி என்பது தனிமுயற்சி என்று பொருள் திரிந்தது பிற்காலத்தார் செய்த பிழை.

இந்நூல் ஆசியாவிற்கு வந்த கதை இன்னும் பொருள் செறிந்தது. நகமுரா மசனாவோ என்பவர் ஜப்பானியக் கன்பூசிய அறிஞர். தொகுகவா ஆட்சியின் அறிஞர் குழுவில் இருந்தவர். 1866இல் அவ்வாட்சி மாணவர் சிலரை இலண்டனுக்கு அனுப்பியபோது மேற்பார்வையாளராக உடன் சென்றார். 1868இல் அவர் நாடு திரும்புங்கால் அவரை அனுப்பிய அரசே வீழ்ந்திருந்தது. தோற்ற தலைவனைப் பின்தொடர்ந்து ஷிசுவோகா என்னும் ஊருக்குச் சென்று ஒதுங்கிய நகமுரா, இலண்டனிலிருந்து கொணர்ந்த ஸ்மைல்ஸின் நூலை மொழிபெயர்த்தார். 1871இல் அது நிறைவாக வெளிவந்தது. ‘நோக்கத்தில் உறுதியாக நின்ற மேலைநாட்டார் வரலாறு’ என்பது அதன் தலைப்பின் கருத்து. பள்ளிகளில் பாடநூலாயிற்று, இலட்சக்கணக்கில் பரவிற்று. அதனைப் படித்து உள்ளக்கிளர்ச்சி பெற்றவர்களுள் சகிச்சி தொயோதா என்னும் தச்சன் மகனும் ஒருவர். தம் தாய் கைத்தறியில் படும் பாட்டைக் கண்டு மரத்தறி ஒன்றைத் திருத்தி அமைத்து 1891இல் காப்புரிமை பெற்றவர் அவர். இன்று உலகறிந்த தொயோத்தா நிறுவனத்தின் மூலவர்.

தோற்றுப்போன அரசின் அறிஞர் ஒருவர், தோல்வியின் நடுவே இருந்துகொண்டு, இனி என் மக்கள் எதனைக் கற்க வேண்டும் என்று தேடித் தேர்ந்தெடுத்த நூல் இது. இச்செய்தியை மனத்திலிருத்திக்கொண்டு தமிழ்நாட்டிற்கு வருவோம்.

தமிழுக்கு வந்தவர் ஸ்மைல்ஸ் அல்லர், ஜேம்ஸ் ஆலன். 1864இல் இங்கிலாந்தின் லெஸ்டர் நகரில் பிறந்தார். வேலை தேடி அமெரிக்கா சென்ற தந்தை அங்கே கொல்லப்படவே, பதினைந்தாம் வயதில் பள்ளிப்படிப்பை விட்டு வேலைக்குச் சென்றார். நெடுங்காலம் நிறுவனங்களில் எழுத்துப்பணி செய்தார். 1901இல் ‘வறுமையிலிருந்து வலிமைக்கு’ என்னும் பொருள்தரும் தம் முதல் நூலை வெளியிட்டார். பின்னர் டெவன் மாவட்டத்தின் கடலோரச் சிற்றூரான இல்ஃபிராகூமில் மனைவி லில்லியுடன் குடியேறி எளிய வாழ்வு நடத்தினார். 1903இல் வெளிவந்த அவருடைய சிறு நூலே உலகப் புகழ் பெற்றது. ஒரு மாலைப்பொழுதிற்குள் படித்து முடிக்கக்கூடிய ஏழு இயல்கள் கொண்டது. ஆலனுக்கு அந்நூலில் மனநிறைவு இல்லை என்றும், லில்லியின் வற்புறுத்தலாலேயே அதனை வெளியிட இசைந்தார் என்றும் கூறுவர். (நூல்களின் பின்னணியிலிருக்கும் இத்தகைய மனைவியரைப் பற்றித் தனியே ஒரு கட்டுரை எழுதலாம்.)

ஸ்மைல்ஸுக்கும் ஆலனுக்கும் உள்ள வேறுபாடு பெரிது. ஸ்மைல்ஸ் புறத்தே நின்று பார்ப்பவர். பொறியாளர், குயவர், நெசவாளர் என்று மனிதர்களை வரிசையாக நிறுத்தி அவர்கள் கைகள் செய்ததைக் காட்டுவார். ஆலன் நூலில் மனிதர்களே இல்லை என்னலாம். மனம் என்னும் ஒன்றே அவருக்குப் பொருள். மனத்தைத் தோட்டமாக உருவகித்து, விதைத்தது விளையும், விதைக்காது விட்டால் களை மண்டும் என்பார். எண்ணமே குணமாகிறது, குணமே சூழ்நிலையாகிறது என்பது அவர் கொள்கையின் சுருக்கம். பௌத்த நூல்களின் சாயல் அவரிடம் உண்டு. தம்மபதத்தின் தொடக்கத்தைப் பயின்றோர் ஆலனை அயலாராகக் கருதமாட்டார்கள். தாயுமானவரையும் பட்டினத்தாரையும் பயின்ற தமிழர்க்கும் மனமே எல்லாவற்றிற்கும் காரணம் என்னும் கருத்து புதியதன்று. எனவே வ.உ.சி. ஆலனைத் தேர்ந்ததில் வியப்பில்லை எனச் சிலர் கருதக்கூடும். வியப்பு தேர்ந்த காலத்தில் இருக்கிறது.

1906இல் சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கப்பட்டது. 1908 மார்ச்சில் வ.உ.சி. கைது செய்யப்பட்டார். அவ்வாண்டு ஜூலை 7ஆம் நாள் நீதிபதி பின்ஹே அவருக்கு இரட்டை ஆயுள் தண்டனை விதித்தார். மேல்முறையீட்டில் தண்டனை குறைந்தது. கோயம்புத்தூர்ச் சிறையிலும் பின்னர்க் கண்ணனூர்ச் சிறையிலும் காலம் கழித்து 1912 டிசம்பரில் விடுதலையானார். கோவைச் சிறையில் சணல் கிழிக்கும் எந்திரத்தைச் சுற்றியதில் கைத்தோல் உரிந்ததையும், பின்னர்ச் செக்கில் பூட்டப்பட்டதையும் அவரே தம் செய்யுள் வடிவிலான தன்வரலாற்றில் சொல்லியுள்ளார். இவை தமிழ்நாட்டுப் பள்ளிச் சிறுவரும் அறிந்த செய்திகள். அவ்வளவாக அறியப்படாதது, ‘மனம்போல வாழ்வு’ என்னும் பெயரில் ஆலனின் சிறு நூல் தமிழில் வெளிவந்த ஆண்டு 1909 என்பதே. மூலம் தோன்றி ஆறே ஆண்டுகள். மொழிபெயர்த்தவர் தண்டனை பெற்று ஓராண்டை ஒட்டிய காலம். ஆலன் 1912 ஜனவரியில் இல்ஃபிராகூமில் மறைந்தார். அப்போது அவருடைய தமிழ் மொழிபெயர்ப்பாளர் இன்னும் சிறையில்தான் இருந்தார்.

இனி, இம்மொழிபெயர்ப்பின் உள்ளே இருக்கும் ஒரு முள்ளைப் பற்றிச் சொல்ல வேண்டும். அந்நூலின் ஐந்தாம் இயலில் அடிமையையும் அடக்குவோனையும் பற்றிய பகுதி ஒன்று வருகிறது. ஒருவன் கொடுங்கோலனாக இருப்பதால் பலர் அடிமைகளாக உள்ளனர் என்பது வழக்கமான எண்ணம். பலர் அடிமைகளாக இருப்பதாலேயே ஒருவன் கொடுங்கோலனாகிறான் என்பது அதற்கு மறுதலையாக எழும் எண்ணம். ஆலன் இவ்விரண்டையும் எடுத்துரைத்து, இரு திறத்தாரும் அறியாமையால் ஒத்துழைக்கின்றனர் என்றும், தன் பலவீனத்தை வென்றவன் அவ்விரு கூட்டத்திலும் சேரமாட்டான் என்றும் முடிக்கிறார். இல்ஃபிராகூம் கடற்கரையில் அமர்ந்து ஓர் ஆங்கிலேயர் இதனை எழுதுவது எளிது. ஆங்கிலேயர் சிறையில் இருக்கும் ஒருவர் இதனைச் சொல்லுக்குச் சொல் நிறுத்துத் தமிழாக்குவது எளிதா? சூழ்நிலை என்பது மனத்தின் நிழல் என்றால், செக்கும் சணல் எந்திரமும் எவர் மனத்தின் நிழல்?

இவ்வினாவிற்கு இருவகை விடை கூறலாம். அரசியலில் தோற்றவர் ஆன்மிகத்துள் அடைக்கலம் புகுந்தார் என்பது ஒன்று. அரவிந்தர் முதலியோர் வாழ்வை நினைவிற் கொண்டு இவ்விடையை எளிதிற் கூறிவிடுவர். வ.உ.சி.க்கு அது பொருந்தவில்லை. சிறையில் அறிவுரை கூற முற்பட்ட சிறை அலுவலருக்கு, அறிவுரை கூறும் தகுதி உமக்கன்று எனக்கே உண்டு என்னும் கருத்துப்பட அவர் விடையிறுத்த நிகழ்ச்சி தன்வரலாற்றில் உள்ளது. அடைக்கலம் புகுந்தவர் பேசும் பேச்சன்று அது.

மற்றொரு விடையே எனக்கு ஏற்புடையது. சுதேசி இயக்கம் தோன்றிய வங்கத்தில் அக்காலத்தே பெரிதும் வழங்கிய சொல் ‘ஆத்மசக்தி’ என்பது. அரசிடம் விண்ணப்பம் எழுதுவதை விடுத்து, நமக்கு வேண்டியதை நாமே ஆக்கிக்கொள்வது என்பது அதன் பொருள். கல்வியை நாமே நடத்துவோம், துணியை நாமே நெய்வோம் என்ற வரிசையில் கப்பலை நாமே விடுவோம் என்றவர் வ.உ.சி. அவ்வாறாயின், ஆலனின் அடிமைப் பகுதி அவருக்கு எவ்வாறு ஒலித்திருக்கும்? உன் துன்பத்திற்கு நீயே காரணம் என்று பழிசுமத்தும் குரலாகவா? அன்று. ஒத்துழைப்பை நாம் நிறுத்தினால் அடக்குமுறை தானே நிற்கும் என்னும் சுதேசிக் கணக்காகவே ஒலித்திருக்க வேண்டும். ஆலன் தனிமனிதனுக்குச் சொன்னதை வ.உ.சி. ஒரு நாட்டுக்குச் சொன்னதாகக் கேட்டார் என்பது என் துணிபு. நகமுரா செய்ததும் இதுவே. இருவரும் தோல்வியின் மறுநாள் மொழிபெயர்க்க அமர்ந்தவர்கள்.

இத்துணிபிற்கு அகச்சான்று தேடுவோர் வ.உ.சி. தம் மொழிபெயர்ப்புகளுக்குச் சூட்டிய தலைப்புகளை நோக்குக. 1903ஆம் ஆண்டு நூலின் ஆங்கிலத் தலைப்பு விவிலியத்தின் நீதிமொழிகள் ஆகமத்தில் வேர்கொண்டது. அதனை அவர் சொல்லுக்குச் சொல் பெயர்க்கவில்லை. ‘மனம்போல மாங்கல்யம்’ என்று பெண்களை வாழ்த்தும் வீட்டு வழக்கின் ஓசையில் ‘மனம்போல வாழ்வு’ என்றார். மாங்கல்யம் இருந்த இடத்தில் வாழ்வு வந்து அமர்ந்தது. நெஞ்சிலிருந்தே எல்லாம் வெளிப்படுகின்றன என்னும் கருத்துடைய இன்னொரு நூலுக்கு ‘அகமே புறம்’ என்று பெயரிட்டு 1914இல் வெளியிட்டார். அகம், புறம் என்னும் இரு சொற்களும் தமிழ் படித்தவர் செவியில் என்ன என்ன எழுப்பும் என்பதை இம்மலரைக் கையிலேந்தியிருக்கும் கவிஞர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. காதலும் போரும், வீடும் களமும், பெயர் சுட்டா உலகும் பெயர் சுட்டும் உலகும் எனத் தொல்காப்பியம் முதலாகப் பிரித்தே பேசப்பட்டு வந்த இரண்டையும் ஓர் ஏகாரத்தால் பிணைத்துவிட்டார். பின்னாளில் தொல்காப்பியத்திற்கு இளம்பூரணர் உரையைப் பதிப்பித்தவர் அவர். அச்சொற்களின் எடை அறியாது வைத்த தலைப்பன்று இது.

‘வறுமையிலிருந்து வலிமைக்கு’ என்னும் ஆலனின் முதல் நூல் இரு பகுதிகளால் ஆயது. முதற்பகுதியின் தலைப்பு வளம் பெறும் வழியைப் பற்றியது. இரண்டாவது அமைதியின் வழி. முதற்பகுதியைத் தமிழாக்கி 1916இல் வெளியிட்ட வ.உ.சி. அதனை ‘வளத்துக்கு மார்க்கம்’ என்னவில்லை; ‘வலிமைக்கு மார்க்கம்’ என்றார். முழு நூலின் தலைப்பிலிருந்த சொல்லை எடுத்துப் பகுதிக்குச் சூட்டினார் என்று கொள்ளலாம். கொண்டாலும், வளம் என்னும் சொல்லைக் கைவிட்டு வலிமை என்னும் சொல்லைப் பற்றிக்கொண்டது தற்செயலாகத் தோன்றவில்லை. 1911இல் கப்பல் கம்பெனி கலைக்கப்பட்டுவிட்டது. வளம் இழந்தவருக்கு எஞ்சியிருந்தது எது என்பதை அத்தலைப்பு சொல்கிறது.

மொழிபெயர்ப்போடு அவர் நின்றுவிடவுமில்லை. கண்ணனூர்ச் சிறையில் இருந்தபோது உடனிருந்த கைதிகளின் பொருட்டு அறம் சொல்லத் தொடங்கி, ‘மெய்யறம்’ என்னும் நூலை இயற்றினார். மாணவரியல், இல்வாழ்வியல், அரசியல், அந்தணரியல், மெய்யியல் என ஐந்து இயல்களும் 125 அதிகாரங்களும் கொண்டது. அதிகாரத்திற்குப் பத்து ஓரடிப் பாக்கள். குறளின் அமைப்பும் ஆத்திசூடியின் சுருக்கமும் கலந்த வடிவம். அது 1914இல் வெளிவந்தது, ‘மெய்யறிவு’ 1915இல். கவிதை என்ற அளவில் இவை உயர்ந்தன என்று சொல்லத் தயங்குகிறேன். யாப்பு அமைந்த அளவு உயிர் அமையவில்லை. ஏறத்தாழ அதே காலத்துப் பாரதியின் ‘புதிய ஆத்திசூடி’ ஓரடியில் காட்டும் துடிப்பு மெய்யறத்தில் இல்லை. ஆனால் நூலின் முதலியல் மாணவரியல் என்பது கருதத்தக்கது. களவும் கொலையும் செய்து தண்டனை பெற்றவர்களை முன்னிருத்திக்கொண்டு ஒருவர் நூல் தொடங்குகிறார். அவர்களை அவர் முதலில் மாணவர் என்றே அழைக்கிறார். லீட்ஸ் நகரின் காலராக் கூடத்திற்கும் கண்ணனூர்ச் சிறைக்கும் இடையே உள்ள தொலைவு எனக்கு அவ்விடத்தில் மிகக் குறைந்து தோன்றுகிறது.

இதன்பின் இந்நூல்வகை சென்ற பாதையைச் சுருங்கச் சொல்லலாம். ஸ்மைல்ஸும் ஆலனும் பேசியது குணம். அமெரிக்காவில் 1929க்குப் பின் வந்த பொருளாதார வீழ்ச்சிக் காலத்து நூல்கள் பேசியது வெற்றி. டேல் கார்னகியின் நண்பர்களை வெல்லும் நூல் 1936இலும், நெப்போலியன் ஹில்லின் செல்வம் சேர்க்கும் நூல் 1937இலும் வெளிவந்தன. முன்னோர்க்கு நோக்கமாக இருந்த நற்குணம் இவர்களிடம் கருவியாக மாறியது. புன்னகையும் விற்பனைக்குரிய சரக்காயிற்று. தமிழில் 1940களின் இறுதியில் ‘வாழ்க்கையில் வெற்றி’ எழுதிய தொண்டி அப்துற் றஹீம் இப்புதிய நெறியைத் தமிழ்ப் பண்போடு இயைத்து நல்ல உரைநடையில் தந்தார். இலக்கிய வரலாற்று நூல்கள் அவருக்கு ஒரு பத்தி ஒதுக்காதது குறையே. அமெரிக்காவில் தொழில் நடத்தித் திரும்பிய எம்.எஸ். உதயமூர்த்தி ‘எண்ணங்கள்’ எழுதியதோடு அமையாது, 1988இல் மக்கள் சக்தி இயக்கம் கண்டார். தன்முன்னேற்றத்தைப் பொதுநலத்தோடு மீண்டும் முடிச்சிட முயன்ற அவரிடம் வ.உ.சி.யின் சாயல் சிறிது உண்டு. 2006இல் ஆங்கிலத்தில் வெளிவந்து தமிழிலும் ‘இரகசியம்’ என்று பெயர்க்கப்பட்ட நூலோ, எண்ணினால் பிரபஞ்சமே கொண்டுவந்து கொடுக்கும் என்கிறது. ஆலனின் தோட்டத்தில் விதைத்தவன் களையெடுக்கவும் வேண்டும். இங்கே அவ்வேலையும் நீங்கிற்று.

இக்கொள்கையின்மேல் நேர்மையான தடை ஒன்றுண்டு. சூழ்நிலையை மனமே படைக்கிறது என்றால் ஏழையின் வறுமைக்கு ஏழையின் மனமே காரணம் என்றாகும்; சாதியின் பெயரால் ஒடுக்கப்பட்டவனுக்கு அவன் எண்ணமே பகை என்றாகும். இத்தடையை நான் முழுவதும் ஏற்கிறேன். ஆலனின் வாக்கியங்கள் இப்பொருளுக்கு இடம் தருகின்றன என்பதும் உண்மை. நாஜிகளின் வதைமுகாம்களில் கிடந்து 1945இல் மீண்ட வியன்னா மருத்துவர் விக்டர் ஃபிராங்கல், மறு ஆண்டே தம் பட்டறிவை நூலாக எழுதினார். பெற்றோரையும் உடன்பிறந்தவரையும் மனைவியையும் இழந்தவர் அவர். சூழ்நிலையை மனம் படைத்தது என்று அவரால் எழுத முடியாது, எழுதவுமில்லை. எல்லாம் பறிக்கப்பட்ட பின்னும், நேர்ந்ததை எவ்வாறு எதிர்கொள்வது என்று தேரும் உரிமை ஒன்று மனிதனிடம் எஞ்சும் என்பதே அவர் கண்டது. ஆலனிடமிருந்து ஃபிராங்கலுக்கு உள்ள இத்தொலைவைச் சிறைக்குள் இருந்தே கடந்தவராக வ.உ.சி.யைக் காண்கிறேன். மூலத்திற்கு உண்மையாக மொழிபெயர்த்தார். ஆனால் சிறைக்குத் தம்மைக் காரணமாக்கிக் கொண்டாரில்லை. வெள்ளையர் ஆட்சியையே காரணமாக்கித் தன்வரலாற்றில் எழுதினார். தாம் மொழிபெயர்த்த நூலுக்கும் தாம் வாழ்ந்த வாழ்வுக்கும் இடையே இருந்த இம்முரணை அவர் எங்கும் ஒளிக்கவில்லை.

விடுதலையான அன்று அவரை வரவேற்கப் பெருங்கூட்டம் ஏதும் திரளவில்லை. சென்னையில் சிறு கடை நடத்தினார். வழக்குரைஞர் உரிமம் பறிக்கப்பட்டிருந்தது. அதனை மீட்டுத் தந்த வாலஸ் துரையின் பெயரால் தம் மகனுக்கு வாலேசுவரன் என்று பெயரிட்டார். கோவில்பட்டியில் வழக்காடினார். திருக்குறள் மணக்குடவர் உரையைப் பதிப்பித்தார். தொல்காப்பிய ஏடுகளோடு போராடினார். ஆலனுடைய முதல் நூலின் முதற்பகுதி 1916இல் தமிழாகியது என்று சொன்னேன். இரண்டாம் பகுதியான ‘சாந்திக்கு மார்க்கம்’ வெளிவந்த ஆண்டு 1934. ஒரே நூலின் இரு பாதிகளுக்கு இடையே பதினெட்டு ஆண்டுகள். 1935இல் திருக்குறள் அறத்துப்பாலுக்கு அவர் எழுதிய உரை அச்சாயிற்று. 1936 நவம்பர் 18ஆம் நாள் தூத்துக்குடியில் காலமானார். அவ்வாண்டு அவர் எழுதிவைத்த உயிலில், ஜவுளிக் கடைக்கும் எண்ணெய்க் கடைக்கும் தாம் தர வேண்டிய பாக்கிகளை ஒவ்வொன்றாகக் கணக்கிட்டுக் குறித்திருக்கிறார்.